பதினோரு பேர் பார்த்த பெண்

அந்த நாற்சந்தியில் செத்தவள் ஒருத்திதான். ஆனால் தினமும் காலை எட்டு நாற்பதுக்கு அதே இடத்தில் சாலையைக் கடப்பவர்கள் பதினோரு பேர். பதினோரு பேரும் அவளே. அவளுடைய கணவன், ஊரார் கண்ணாடிக்காரன் என்று கூப்பிடுகிறவன், இதற்காகக் கடையைக் கொஞ்சம் முன்னதாகத் திறக்க ஆரம்பித்தான். மற்றபடி அவனுடைய காலைப் பொழுதில் மாற்றம் ஒன்றும் இல்லை. ஆறு மணிக்கு எழுவான். பல் துலக்குவான். பாலை முகர்ந்து பார்ப்பான். திரிந்திருந்தால் கொட்டிவிட்டுக் கறுப்புக் காபி, திரியாவிட்டால் பால் விட்ட காபி, இரண்டுக்கும் நாக்கில் வித்தியாசம் தெரிவதில்லை. சட்டைகள் ஐந்து, எது முன்னால் தொங்குகிறதோ அது. கதவைப் பூட்டி, பூட்டை ஒருமுறை இழுத்துப் பார்த்து, ஏழு நிமிடம் நடப்பான். எட்டேகாலுக்கு ஷட்டரைத் தூக்குவான், பெருக்குவான், அலமாரியில் இருக்கும் பிரேம்களைத் துடைப்பான், உள்ளறையில் எண்கள் எழுதிய பலகைக்குப் பின்னால் இருக்கும் விளக்கைப் போட்டுப் பார்த்து அணைப்பான். பிறகு ஸ்டூலை வாசலுக்கு இழுத்துப் போட்டு உட்காருவான். எட்டு நாற்பதுக்கு அவன் மனைவி பதினோரு விதமாக நடந்து வந்து, சாலை நடுவில் ஒவ்வொருத்தியாக இல்லாமல் போவாள். மொத்தம் நான்கு நிமிடம். அது முடிந்ததும் ஸ்டூலை உள்ளே போட்டுவிட்டு முதல் வாடிக்கையாளரைக் கூப்பிடுவான்.

நடந்தது என்னவோ பேப்பரில் நான்கு வரிக்கு மேல் போகாத விஷயம். அவளுக்கு இருபத்தேழு வயது. பல் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிற வேலை. கல்யாணமாகி இரண்டு வருடம் நான்கு மாதம். ஒரு செவ்வாய்க்கிழமை, அவசர ஆர்டர் ஒன்று இருந்ததால் அவன் வீட்டிலிருந்து எட்டு மணிக்கே கிளம்பிவிட்டான். அவள் வழக்கம்போலப் பிறகு கிளம்பி நடந்து வந்தாள். எட்டு நாற்பதுக்கு நாற்சந்தியில் ஒரு வேன் மோதியது. விழுந்த கணமே உயிர் போய்விட்டது, பேச வாய்ப்பே இல்லை என்று டாக்டர் எழுதிக் கொடுத்தார். அப்போது இருபது அடி தள்ளி, கடையின் பின்னறையில், கண்ணாடிக்காரன் லென்ஸின் ஓரத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தான். வெளியே வந்தபோது அவனுக்குத் தெரிந்தது கூட்டத்தின் முதுகு மட்டும். ஊருக்கே கண் பார்த்துச் சொல்கிறவன் தன் பங்குக்கு ஒன்றையும் பார்க்கவில்லை. விசாரிக்க வந்த இன்ஸ்பெக்டரிடம் அதையே சொன்னான்.

"ஒண்ணுமே பார்க்கலையா?"

"பார்க்கல சார்."

"சத்தமாவது கேட்டிருக்குமே?"

"கேட்டுச்சு. ஏதோ லாரி பள்ளத்துல எறங்குதுன்னு நெனச்சேன்."

"என்ன சார் நீங்க, இருபது அடில கடைய வச்சுக்கிட்டு!" என்றார் இன்ஸ்பெக்டர். அவருக்கு ஏமாற்றம். 'நான் பார்க்கவில்லை' என்று சொன்ன ஆள் அந்த நாற்சந்தியிலேயே அவன் ஒருவன்தான். மற்றவர்கள் எல்லாரும் பார்த்திருந்தார்கள்.

அப்படிப் பார்த்தவர்கள் பதினோரு பேர். பதினோரு பேரும் கண்ணாடிக்காரனிடம் கண் சோதித்துக்கொண்டவர்கள். அவர்களுடைய கண்கள் என்ன லட்சணம் என்பது ஊரிலேயே அவனுக்கு மட்டும்தான் தெரியும். ஒவ்வொருவருக்கும் ஓர் அட்டை எழுதி வைத்திருந்தான். சாட்சிகளில் முதலாமவர் மருந்துக்கடைக்காரர். வலது கண்ணுக்கு மைனஸ் நாலரை, இடது கண்ணுக்கு மைனஸ் ஐந்து. கண்ணாடி போட்டால் முகவெட்டு கெட்டுவிடும் என்று அதை மேசை இழுப்பறையில் வைத்துக்கொண்டு, மேல்தட்டில் மருந்து தேடும்போது மட்டும் ஒளித்து எடுத்துப் போட்டுக்கொள்வார். இரண்டாமவர் தையற்காரர். ஊசியில் நூல் கோக்கத் தெரியும். கை நீளத்துக்கு அப்பால் உலகம் அவருக்குப் புகை. மூன்றாமவர் ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார், இரண்டு கண்ணிலும் புரை, ஆபரேஷன் என்றால் பயம். நான்காமவர் வங்கிக் காவலாளி. அவருக்குக் கண்கள் தங்கம். ஆனால் காலை எட்டு மணியிலிருந்து ஒன்பது மணிவரை அவற்றை மூடி வைத்திருப்பார். மற்ற ஏழு பேரைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டியதில்லை. அவர்களில் மூன்று பேர் அன்று ஊரிலேயே இல்லை.

இவர்களிடம் இருந்த ஒரு பழக்கத்தையும் சொல்ல வேண்டும். கண்ணாடிக்காரனின் உள்ளறைக்குக் கதவு கிடையாது, திரைதான். வெளியே பெஞ்சு. உள்ளே இருப்பவர் பலகையைப் பார்த்து எண்களைச் சத்தமாகச் சொல்லுவார். பெஞ்சில் இருப்பவர்கள் காதைத் தீட்டிக்கொண்டு கேட்பார்கள். கண் சோதனை என்பது ஒரு பரீட்சை, அதில் தேறிவிட வேண்டும், முன்னால் போனவன் சொன்னதைச் சொன்னால் தேறிவிடலாம் என்பது அந்த ஊரின் ஞானம். ஒருமுறை மருந்துக்கடைக்காரர் உள்ளே உட்கார்ந்து, ஆறாவது வரியில் இருந்த எட்டை மூன்று என்று படித்தார். அவருக்குப் பின்னால் வந்த எட்டு பேரும் வரிசையாக மூன்று என்றார்கள். அதிலொருவர் விளக்கைப் போடுவதற்கு முன்பே சொன்னார். அன்றிலிருந்து கண்ணாடிக்காரன் ஆளுக்கு ஆள் பலகையை மாற்றினான். ஊர் அதை நம்பிக்கைத் துரோகமாக எடுத்துக்கொண்டது.

காவல் நிலையத்தில் பலகையை மாற்ற ஆள் இல்லை. அங்கேயும் ஒரு பெஞ்சு இருந்தது. மின்விசிறி ஓடாததால் இன்ஸ்பெக்டர் அறையின் கதவைத் திறந்து வைத்திருந்தார். அவருடைய நாற்காலிக்குப் பின்னால், கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்று பெரிய எழுத்தில் எழுதி மாட்டியிருந்தது. அதற்கு முதுகைக் காட்டியபடி அவர் விசாரித்தார். முதலில் போன மருந்துக்கடைக்காரர் வேன் மஞ்சள் நிறம் என்றார். பெஞ்சு கேட்டுக்கொண்டிருந்தது. பதினோரு பேரும் மஞ்சள் என்றார்கள். மோதிய வேனைப் போலீஸ் மறுநாளே பிடித்துவிட்டது. முன்விளக்கு உடைந்து, அந்த உடைசல் சாலையில் கிடந்த கண்ணாடியோடு விளிம்பு விளிம்பாகப் பொருந்தியது. அதன் நிறம் சாம்பல்.

நிறத்தில் ஒற்றுமையாக இருந்தவர்கள் பெண் விஷயத்தில் ஆளுக்கொரு பக்கம் போனார்கள். அதில் அவரவருக்குச் சொந்த அக்கறை இருந்தது. மருந்துக்கடைக்காரரின் கணக்கில், அவள் கையில் மருந்துச் சீட்டுடன் அவர் கடையை நோக்கித்தான் வந்துகொண்டிருந்தாள். விழுந்ததும் "சார், நீங்கதான் காப்பாத்தணும்" என்றாள். தையற்காரர் அவள் ரோஸ் நிறத்தில் உடுத்தியிருந்தாள் என்றார், துணி விஷயத்தில் தனக்குத் தப்பாது என்றார். அவள் கடைசியாக அவரை "அண்ணே" என்று கூப்பிட்டாளாம். வாத்தியாரைப் பொறுத்தவரை அவள் இருபத்துநான்கு அடி எடுத்து வைத்து, சாலைக்குச் சரியாகச் செங்குத்தாக விழுந்து, "விதி" என்று சொன்னாள். காவலாளி, அவள் "அத்தானிடம் சொல்லிவிடுங்கள்" என்று தன்னிடம் ஒப்படைத்ததாகச் சொல்லி அழுதார். இரண்டு வருடம் நான்கு மாதத்தில் அவள் புருஷனை ஒருநாள் கூட அத்தான் என்றதில்லை. பேரைச் சுருக்கிக் கூப்பிடுவாள், கோபம் வந்தால் முழுப் பேரையும் சொல்லுவாள். மற்ற ஏழு பேருக்கும் ஆளுக்கொரு கடைசி வார்த்தை கிடைத்தது. டாக்டர் எழுதிக் கொடுத்த காகிதம் கோப்பின் அடியில் இருந்தது.

பதினோராவது வாக்குமூலத்தில் கையெழுத்து விழுந்த மறுநாள் காலை எட்டு நாற்பதுக்கு அந்தப் பெண்கள் வந்தார்கள். அந்த ஊரில் எதையும் கண், காது, மூக்கு வைத்துத்தான் பேசுவார்கள். இந்த முறை கையும் காலும் சேர்த்து வைத்துவிட்டார்கள். முன்னால் வந்தவள் மருந்துச் சீட்டை உயர்த்திப் பிடித்துக்கொண்டு நடந்தாள். அடுத்தவள் ரோஸ் உடையில் இருந்தாள். அக்குள் இறுக்கமாக, தோள் தூக்கிக்கொண்டு, தையற்காரர் ஊரில் எல்லாருக்கும் தைத்துக் கெடுக்கிற அதே வெட்டு. மூன்றாமவள் கால்களை எண்ணி எண்ணி வைத்தாள். காவலாளியின் பெண் கண்களை மூடியபடி நடந்தாள். அவளுக்குப் பின்னால் ஓர் ஆடு வந்தது. வாக்குமூலத்தில் ஆடு கிடையாது. அது விபத்து நேரத்தில் காவலாளி கண்டுகொண்டிருந்த கனவிலிருந்து கூடவே வந்துவிட்டது என்று பிறகு தெளிவானது. ஒருத்தி செத்தவளைவிட ஒரு சாண் உயரம். ஒருத்தி நல்ல சிவப்பு. ஒருத்தி போனில் பேசிச் சிரித்துக்கொண்டே வந்தாள். அந்தச் சாட்சிக்கு, போனில் பேசுகிற பெண்கள் மேல் பொதுவாகவே ஒரு கருத்து இருந்தது. கடைசியில் மஞ்சள் வேன் வந்தது. அதில் ஓட்டுநர் இல்லை. பதினோரு பெண்களும் சாலை நடுவில் நின்று, தங்களுக்குக் கொடுக்கப்பட்ட வாக்கியத்தைச் சொல்லிவிட்டு மறைந்தார்கள். வேன் காலி இடத்தில் மோதிவிட்டுப் போனது.

முதல் வாரம் கூட்டம் கூடியது. இரண்டாவது வாரம் போக்குவரத்துக் காவலர் விசில் ஊதி நான்கு நிமிடம் வண்டிகளை நிறுத்தப் பழகிக்கொண்டார். மூன்றாவது மாதம் நகராட்சி அந்த இடத்தில் வெள்ளைக் கோடுகள் போட்டது. உயிரோடு இருப்பவர்கள் பத்து வருடமாகக் கேட்டும் போடாத கோடுகள். எட்டு நாற்பது பஸ் எட்டு நாற்பத்துநாலு பஸ் ஆனது. சாட்சிகள் தங்கள் தங்கள் பெண்ணைப் பார்க்கப் பேரன் பேத்திகளைக் கூட்டி வந்தார்கள். யாருடையது அசல் என்று வாத்தியாரும் தையற்காரரும் சண்டை போட்டு, இன்றுவரை பேச்சு வார்த்தை இல்லை. மருந்துக்கடைக்காரர் மட்டும் கண்ணாடிக்காரனிடமே வந்து நின்று பார்த்தார்.

"பார்த்தியா தம்பி? நான் சொன்னது அச்சு அசலா அப்படியே இருக்கா இல்லையா?"

"நீங்க சொன்ன மாதிரிதான் இருக்கு சார்."

"என் ரெண்டு கண்ணால பார்த்தேன்யா!"

"உங்க ரெண்டு கண்ணோட பவரும் என்கிட்ட எழுதி இருக்கு சார்."

"அதெல்லாம் மருந்து தேடறதுக்குத்தான். ஆளப் பார்க்கறதுக்கு எதுக்கு பவரு? மனசு சுத்தமா இருந்தா போதாது?" என்றார் அவர். எதிரே வந்த கம்பத்தில் இடித்துக்கொள்ளாமல் இருக்கக் கையை முன்னால் நீட்டியபடி கடைக்குத் திரும்பினார்.

வழக்கு ஏழாவது மாதம் வந்தது. சாம்பல் வேன்காரன் தன் வேன் சாம்பல் என்றான், அதை யாரும் மறுக்கவில்லை. நீதிபதி மனசாட்சி உள்ளவர். சாட்சிகளை நேரில் சரிபார்க்க வேண்டும் என்று ஒருநாள் காலை நாற்சந்திக்கே வந்து, குடை பிடித்து நின்றார். எட்டு நாற்பதுக்குப் பெண்கள் வந்தார்கள். பின்னால் மஞ்சள் வேன் வந்தது. சொல்லிச் சொல்லி அதன் நிறம் அதற்குள் எலுமிச்சையாகப் பளபளத்தது. நீதிபதி பக்கத்தில் இருந்தவரிடம் நிறத்தைக் கேட்டு உறுதிசெய்துகொண்டு, பதினோரு மரியாதைக்குரிய மனிதர்களின் சாட்சியம் கண்கூடாக நிரூபணமானது என்று எழுதினார். சாம்பல் வேன் விடுதலை ஆனது. அது இன்றும் தினமும் ஒன்பதேகாலுக்கு அந்த வழியாகப் போகிறது. விளக்கை மாற்றிவிட்டார்கள்.

கண்ணாடிக்காரன் தீர்ப்பைக் கேட்டுவிட்டு வந்து கடையைத் திறந்தான். வேனுக்காக அவன் ஸ்டூலில் உட்காரவில்லை. அவனுக்கு வேண்டியது ஒன்றே ஒன்று: அவள் கடைசியாக உண்மையில் என்ன சொன்னாள் என்பது. மற்றதெல்லாம் போய்விட்டது, போனது போகட்டும். அலமாரியில் இருந்த அவளுடைய துணிகளை அவள் அம்மா எடுத்துப் போய்விட்டாள். போனில் குரல் பதிவு எதுவும் இல்லை. இருவருமே குறுஞ்செய்தி ஆட்கள், அதிலும் 'சரி', 'வரேன்', 'பூண்டு' என்ற அளவுக்குத்தான். ஒரே ஒரு வாக்கியம், யாரும் கை வைக்காதது, கிடைத்தால் போதும் என்று இருந்தது. அதனால்தான் அந்தப் பதினோரு பேரின் வாயையும் தினமும் கவனித்தான். ஏதாவது ஒருத்தி, தவறிப்போயாவது, அவள் பேசுகிற மாதிரி பேசிவிட மாட்டாளா என்று. ஒருத்தியும் பேசவில்லை. பதினோரு பேரும் நாடகத்தில் பேசுவதுபோலப் பேசினார்கள்.

பன்னிரண்டாவது பெண் அவனால் வந்தாள். ஊரை மனசுக்குள் காறித் துப்பிக்கொண்டிருந்தவனின் கதை இந்த இடத்தில் கொஞ்சம் நாறும். எட்டாவது மாதம் மாமியார் வந்தாள். சாப்பிட உட்கார்ந்தவள் தட்டில் கை வைக்காமல் கேட்டாள்.

"மாப்ள, கோவிச்சுக்காதீங்க. அன்னைக்கு வீட்ல இருந்து நீங்க கெளம்பும்போது எம்பொண்ணு உங்ககிட்ட கடைசியா என்ன சொன்னா?"

"ஒண்ணும் பெருசா இல்ல அத்தை."

"சின்னதாவது சொல்லுங்க. பெத்தவளுக்கு அதுகூட இல்லையா?"

அவன் சொன்னான். கண்ணாடி முன்னால் தலை சீவிக்கொண்டிருந்தவள் திரும்பி, சிரித்து, "சாயங்காலம் சீக்கிரம் வா, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்" என்றாள் என்று சொன்னான். சொல்லும்போது அது பொய் என்று அவனுக்குத் தெரியவே தெரியாது. எட்டு மாதமாக அதை மனசுக்குள் ஓட்டிப் பார்த்து, ஓட்டிப் பார்த்து, தேய்ந்து வழவழப்பாக வைத்திருந்தான். மாமியார் முந்தானையால் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள், பிறகு சாப்பிட்டாள்.

மறுநாள் காலை பன்னிரண்டு பேர் கடந்தார்கள். பன்னிரண்டாமவள் மற்றவர்களைவிட அழகாக இருந்தாள். திரும்பிச் சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கண்ணாடிக்காரனுக்கு நன்றாகத் தெரியும். கல்யாணத்துக்கு முன் பெண் பார்க்க அனுப்பிய ஸ்டூடியோ போட்டோவில் இருந்த சிரிப்பு. நிஜத்தில் அவள் ஒருநாளும் அப்படிச் சிரித்ததில்லை, அந்தப் போட்டோவை அவளே கிண்டல் செய்வாள், பல்லுக்கு விளம்பரம் என்பாள். "உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்" என்று பன்னிரண்டாமவள் சாலை நடுவில் நின்று ராகம் போட்டுச் சொல்லிவிட்டு மறைந்தாள். பக்கத்தில் வந்து நின்ற மருந்துக்கடைக்காரர், "இது யாரு புதுசா? யாருடைய சாட்சி?" என்றார். "தெரியல சார்" என்றான்.

அதோடு நின்றதா என்றால் இல்லை. ஒண்ணு சொல்லணும் என்றால் என்ன சொல்ல இருந்தாள் என்று மாமியார் தன் தங்கையோடு பேசினாள். தங்கை நாத்தனாரோடு பேசினாள். பெண்கள் கூடிப் பேசினால் அதற்கு ஒரே பதில்தான் உண்டு. அடுத்த மாதம் பன்னிரண்டாமவளுக்கு வயிறு லேசாக மேடிட்டிருந்தது. அதற்கடுத்த மாதம் நன்றாகவே தெரிந்தது. டாக்டரின் காகிதத்தில் அப்படி எதுவும் இல்லை என்று அவன் மாமியாரிடம் போய்ச் சொன்னான். தான் சொன்னதே தப்பு, அவள் அப்படிச் சொல்லவில்லை என்றும் சொன்னான். "ஆம்பளைக்கு இதெல்லாம் எங்க புரியும். நீங்க சும்மா இருங்க மாப்ள" என்றாள் அவள். சொன்னதை வாபஸ் வாங்கினால் அந்தப் பெண்கள் மறைவதில்லை என்பது அப்போது தெரிந்தது. வயிறு ஒன்பதாவது மாத அளவுக்கு வளர்ந்து நின்றுவிட்டது. அதற்கு மேல் என்ன என்று யாரும் யோசிக்கவில்லை.

பிறகு அவன் தன்னையே சோதித்துக்கொண்டான். ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் கடையைச் சாத்திவிட்டு, வாடிக்கையாளர் நாற்காலியில் தானே உட்கார்ந்தான். கண் சோதிக்கும்போது இரண்டு லென்ஸ்களை மாற்றி மாற்றிக் காட்டிக் கேட்பான்: இதில் தெளிவா, அதில் தெளிவா? அதேபோல் தன்னைக் கேட்டுக்கொண்டான். அவள் கண்ணாடி முன்னால் நின்றாளா, அடுப்படியில் நின்றாளா? தலை ஈரமா, காய்ந்ததா? ஏதாவது சொன்னாளா, சொல்லவில்லையா? ஒவ்வொரு கேள்விக்கும் இரண்டு பக்கமும் ஒரே அளவு தெளிவாக இருந்தது. ஒரே அளவு தெளிவாக இருந்தால் வாடிக்கையாளர் பார்க்காமலே பதில் சொல்கிறார் என்று அர்த்தம். தொழிலில் இறங்கிய முதல் வாரத்திலேயே படித்த பாடம். மாலைவரை உட்கார்ந்திருந்து அவன் கண்டுபிடித்தது இதுதான்: அன்று காலை அவசர ஆர்டரை நினைத்துக்கொண்டே செருப்பை மாட்டினான், அவள் ஏதோ சொன்னாள், அவன் ம் என்றான். அவன் கேட்கவே இல்லை. மருந்துக்கடைக்காரராவது எதையோ பார்க்க முயன்றார்.

அதன்பின் அவன் வாயைக் குறைத்துக்கொண்டான். வருடம் திரும்பியது. எந்தச் சடங்கும் வேண்டாம் என்று சொல்லிவிட்டான். அதற்குப் பத்து நாள் கழித்து, மதியம் ஒரு பெண் கடைக்கு வந்தாள். வெளியூர், நாற்பத்தைந்து வயது இருக்கும், மாணவர் விடுதி ஒன்றில் சமையல் வேலை. கையில் உடைந்த கண்ணாடி. காது பக்கக் கம்பியை நூல் சுற்றிக் கட்டியிருந்தாள். கண் சோதித்தான், பெஞ்சில் வேறு யாரும் இல்லாததால் அவள் தெரிந்ததைத் தெரியும் என்றும் தெரியாததைத் தெரியாது என்றும் சொன்னாள். அவன் அட்டை எழுதி, புதுக் கண்ணாடிக்கு ஒரு விலை சொன்னான். அவள் அதில் பாதியைச் சொன்னாள்.

"அதெல்லாம் கட்டாதும்மா. லென்ஸ் விலையே அவ்வளவு வரும்."

"வராது வராது. போட்டுக் குடுங்க தம்பி."

அவன் கொஞ்சம் இறங்கினான். அவள் நகரவில்லை. இன்னும் கொஞ்சம் இறங்கினான். பில் புத்தகத்தைச் சற்று வேகமாக இழுத்துத் திறந்தான். அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள், திடீரென்று வாய்விட்டுச் சிரித்தாள்.

"சொன்னது சொன்னபடி இருக்கே!"

"யாரு சொன்னது?"

"போன வருஷம் வந்தேன் தம்பி. எம்பொண்ணுக்குப் பரீட்சை ஆரம்பிச்ச அன்னைக்கு. முந்தின நாள்தான் இந்தக் கம்பி உடைஞ்சது, முதல் பஸ்ஸப் புடிச்சு ஓடியாந்தேன். இந்த முக்குல ஒரு பொண்ணு, வெள்ளைக் கோட்ட மடிச்சுக் கையில போட்டுக்கிட்டு ரோட்டத் தாண்ட நின்னுச்சு. கண்ணாடிக் கடை எங்கம்மான்னு கேட்டேன். நின்னு பதில் சொல்லிட்டுத்தான் போச்சு. நான் இங்க வந்து பார்த்தா கடை தொறந்து கெடக்கு, ஆளக் காணோம். அந்தப் பக்கம் என்னமோ கூட்டம். கண்ணாடி இல்லாம எனக்கு எது தெரியும்? பத்து நிமிஷம் நின்னேன், பஸ்ஸுக்கு நேரமாச்சு, போயிட்டேன். நூலு சுத்தியே ஒரு வருஷத்த ஓட்டியாச்சு."

பரீட்சை ஆரம்பித்த தேதி அவனுக்குத் தெரியும், அவள் செத்த தேதியும் அதுதான். அந்தத் தேதியைத் தேட வேண்டியிருக்கவில்லை. அவள் ஆஸ்பத்திரியில் போட்டுக்கொள்கிற வெள்ளைக் கோட்டு அவனிடம் இருந்தது, போலீஸ் ஒரு காகிதப் பையில் போட்டுத் திருப்பிக் கொடுத்திருந்தது. நாற்சந்தியைக் கடக்கிற பன்னிரண்டு பேரில் ஒருத்தி கையிலும் கோட்டு கிடையாது. ஒருத்தியும் நின்று யாருக்கும் வழி சொல்வதும் இல்லை. பதினோரு சாட்சிகளில் ஒருவருடைய கண்ணிலும், நூல் சுற்றிய கண்ணாடியோடு நின்ற இந்தப் பெண் படவில்லை.

"என்ன சொன்னா அவ?" என்றான்.

சமையற்காரி சொன்னாள். அதை அவள் இதற்கு முன் யாரிடமும் சொன்னதில்லை. சொல்லிக்கொள்ளும்படியான விஷயம் அல்ல அது. யாரும் அழுதுகொண்டு அவளிடம் கேட்டதில்லை. அது யாருடைய கடைசி வார்த்தை என்றும் அவளுக்குத் தெரியாது. ஒரு வருடமாக அது அவளிடம், மளிகைப் பட்டியலுக்கும் பஸ் நேரத்துக்கும் நடுவே, யாரும் தொடாமல் கிடந்தது.

"தெரிஞ்ச பொண்ணா தம்பி? நல்லாருக்கா?"

"தெரிஞ்ச பொண்ணுதான்" என்றான். அவள் கேட்ட விலைக்கே பில் எழுதினான்.

மறுநாள் காலை ஸ்டூலில் உட்கார்ந்ததும் விரல் விட்டு எண்ணத் தயாரானான். சமையற்காரியும் ஒரு சாட்சிதான். ஒரு சொல்லை அவள் கூட்டியிருந்தாலும், ஓர் எழுத்தை மெருகேற்றியிருந்தாலும், பதிமூன்றாவதாக ஒருத்தி வருவாள். வெள்ளைக் கோட்டை மடித்துப் போட்டுக்கொண்டு, எல்லாம் பொருந்தி, எல்லாம் பொய்யாக. காவலர் விசில் ஊதினார். மருந்துச் சீட்டு போனது, ரோஸ் உடை போனது, இருபத்துநான்கு அடி போனது, ஆடு போனது, வயிறு போனது. பின்னால் மஞ்சள் வேன். அவ்வளவுதான். பன்னிரண்டு. அடுத்த நாளும் பன்னிரண்டு. ஒரு வாரம் எண்ணினான். பதிமூன்றாமவள் வரவில்லை.

எட்டாவது நாள் அவன் ஸ்டூலை வெளியே போடவில்லை. விசில் சத்தம் கேட்டபோது உள்ளே ஒரு லென்ஸைத் துடைத்துக்கொண்டிருந்தான். மருந்துக்கடைக்காரர் எட்டிப் பார்த்தார்.

"என்ன தம்பி, பார்க்க வரலையா? உன் பொண்டாட்டிதானேய்யா?"

"பார்த்தாச்சு சார். நீங்க பாருங்க."

அவர்கள் பார்க்கிறார்கள். பெண்கள் இன்றும் கடக்கிறார்கள். வெள்ளைக் கோடுகள் மங்கினால் நகராட்சி மறுபடி பூசுகிறது. எட்டு நாற்பத்துநாலு பஸ் எட்டு நாற்பத்துநாலுக்கே வருகிறது. புதிதாகக் குடிவந்தவர்கள் இரண்டு நாள் வேடிக்கை பார்த்துவிட்டு மூன்றாம் நாள் கைக்கடிகாரத்தைச் சரிசெய்துகொள்கிறார்கள். கண்ணாடிக்காரன் தனக்குக் கிடைத்ததை மாமியாரிடமும் சொல்லவில்லை, மனசுக்குள்ளும் அடிக்கடி எடுத்துப் பார்ப்பதில்லை. எடுக்க எடுக்க என்ன ஆகும் என்பது தெருவில் தினமும் நடந்து போகிறது. விடுதிச் சமையற்காரி சொன்னபடி, கூட்டாமல் குறைக்காமல், அன்று அந்த முக்கில் நின்று அவள் சொன்னது இவ்வளவுதான்:

"அதோ அந்தக் கடைதான்க்கா. சொல்ற விலைக்குத் தலையாட்டிடாதீங்க, பாதியாக் கேளுங்க. குறைப்பாரு. மூஞ்சியத் தூக்கி வச்சுக்குவாரு, அதக் கண்டுக்காதீங்க."